பாட்டுக்குச் சட்டம் உண்டு, பாடுகிறவருக்கு?

1958இல் தேவிகுளத்தில் இடைத்தேர்தல். கேரளத்தில் ஈ.எம்.எஸ். நம்பூதிரிபாடு தலைமையில் கம்யூனிஸ்ட் ஆட்சி அமைந்து ஓராண்டுதான் ஆகியிருந்தது. பெரும்பான்மை நூலிழையில் நின்றது. ஒரு இடம் போனாலும் சிக்கல். முந்தைய ஆண்டு அங்கே ஜெயித்த ரோசம்மா புன்னூஸின் வெற்றி செல்லாது என்று தேர்தல் தீர்ப்பாயம் சொல்லிவிட்டது. எதிர்த்தரப்பு வேட்பாளர் ஒருவரின் மனுவைத் தவறாகத் தள்ளுபடி செய்திருந்தார்கள் என்பது காரணம். அந்த அம்மையார்தான் கேரள சட்டமன்றத்தில் முதன்முதலாக உறுப்பினராகப் பதவியேற்றவர். இப்போது திரும்பவும் மலையேறி ஓட்டுக் கேட்க வேண்டும். ஓட்டுப் போடப்போகிறவர்களில் பெரும்பகுதி தமிழ் பேசும் தோட்டத் தொழிலாளர்கள். அவர்களிடம் பேச யார் இருக்கிறார்கள் என்று கட்சி மலைக்குக் கீழே பார்த்தது. பண்ணைப்புரத்திலிருந்து ஓர் ஆர்மோனியம் மலையேறியது.

பாவலர் வரதராசன் கம்யூனிஸ்ட் மேடைகளில் பாடிக்கொண்டிருந்தவர். சனங்களுக்கு ஏற்கெனவே பழகிய மெட்டாக எடுப்பார். அதற்குள் கூலியை வைப்பார், விலைவாசியை வைப்பார், முதலாளியை நிற்க வைத்துக் கேள்வி கேட்பார். தேவிகுளம் போன குழுவில் அவருடைய தம்பி ராசையாவும் இருந்தார். அப்போது அவருக்கு 15 வயதை ஒட்டி இருக்கும். பின்னாளில் நமக்கெல்லாம் இளையராஜா. ரோசம்மா மறுபடியும் வென்றார். அந்த வெற்றியில் பாவலரின் பாட்டுக்குப் பெரிய பங்கு உண்டு என்று கட்சித் தலைமையே பாராட்டியதாகத் தேனிப் பக்கத்தில் இன்றும் சொல்வார்கள்.

இந்தக் கதையைச் சட்டம் படிக்கிற ஒரு மாணவர் கையில் கொடுத்தால் அவர் எதைத் தேடிப் போவார்? தேர்தல் வழக்கு என்று போனால் ரோசம்மா கிடைப்பார். பேச்சுரிமை என்று போனால் கட்சி கிடைக்கும். பதிப்புரிமை என்று போனால், பல பத்தாண்டுகள் கழித்து, அந்தத் தம்பி கிடைப்பார். ராத்திரி முழுக்கத் தொண்டை கட்டப் பாடிய பாவலர் எந்தத் தலைப்பிலும் அகப்பட மாட்டார்.

இசையையும் மனித உரிமைச் சட்டத்தையும் சேர்த்துவைத்துப் படிக்கும் துறை உலகெங்கும் வளர்ந்துவருகிறது. ஐ.நா.வின் பண்பாட்டு உரிமைகளுக்கான சிறப்பு அறிக்கையாளராக இருந்த ஃபரிதா ஷஹீத், கலை வெளிப்பாட்டுச் சுதந்திரம் பற்றி 2013இல் தனி அறிக்கையே கொடுத்தார். அந்தத் துறையில் இதுவரை எழுதப்பட்டவற்றை வாசிக்க வாசிக்க எனக்கு ஒன்று உறுதிப்பட்டுக்கொண்டே வருகிறது. சட்டத்தின் கண்ணில் பாட்டு ஒன்று பேச்சாகத் தெரிகிறது, அல்லது சொத்தாகத் தெரிகிறது. பாடுகிற ஆள், அவருடைய உழைப்பு, சாதி, கூலி, பெயர் ஆகியவை இந்த இரண்டுக்கும் நடுவே நழுவிவிடுகின்றன. எங்கே எப்படி நழுவுகின்றன என்று பார்க்க ஜெனிவாவுக்குப் போக வேண்டியதில்லை. போடிநாயக்கனூரிலிருந்து தேவாரம், பண்ணைப்புரம், கோம்பை வழியாக உத்தமபாளையம் போகிற சாலையும் அதன் தலைக்கு மேல் நிற்கிற ஏலமலையும் போதும்.

குனிந்த முதுகும் பாட்டும்

போடி ஏலக்காய் ஊர். நறுமணப் பொருள் வாரியத்தின் மின்னணு ஏலம் இங்கேயும் இடுக்கியின் புற்றடியிலும் மாறிமாறி நடக்கிறது. 2010 கடைசியில் நின்றுபோன மதுரை ரயில் அகலப் பாதையாகி 2023 ஜூனில் திரும்ப வந்தது. காய் விளைவது பெரும்பாலும் கேரள மலையில். விற்பதும் தரம் பிரிப்பதும் பெருமளவு இங்கே. எடுக்கிற கையில் பெரும்பகுதி தமிழ்ப் பெண்களின் கை. விடியும் முன்னே போடி, தேவாரம், கம்பம் பக்கத்து ஊர்களில் ஜீப்புகள் வந்து நிற்கும். ஏற்ற முடிந்த அளவுக்கு ஏற்றிக்கொண்டு போடிமெட்டின் 17 கொண்டை ஊசி வளைவுகளையோ கம்பம்மெட்டையோ தாண்டிப் போகும். சாயங்காலம் அதே ஜீப்பில் திரும்ப வேண்டும்.

காய் எடுப்பு எப்படி என்று பார்த்தால்தான் அங்கே பாட்டு எதற்கு என்று புரியும். ஏலச்செடி ஆளுயரத்துக்கு மேல் வளர்ந்திருக்கும். காயோ அடித்தண்டிலிருந்து கிளம்பித் தரையில் படரும் சரத்தில் இருக்கும். எடுப்பவர் செடியின் தூரில் குத்தவைத்து, இலைச்சருகை விலக்கி, சரத்தைத் தூக்கிப் பார்த்து, முற்றின காயை மட்டும் ஒவ்வொன்றாகக் கிள்ள வேண்டும். பிஞ்சு கூடவே வந்துவிட்டால் அடுத்த எடுப்பு போச்சு. ஒரு மாதம், ஒன்றரை மாத இடைவெளியில் அதே தூருக்குத் திரும்ப வர வேண்டும். மழை பெய்துகொண்டிருக்கும், அட்டை ஏறும். பக்கத்தில் இருக்கிறவள்கூட இலைக்குள் மறைந்துவிடுவாள். தெரிவது குரல் மட்டும்தான். ஆள் இருக்கிறாளா என்று தெரிந்துகொள்ளவும், கை ஓயாமல் இருக்கவும், மேஸ்திரியை நேராகச் சொல்ல முடியாததைச் சுற்றிச் சொல்லவும் குரல் வேண்டும். நடவுப் பாட்டுக்கு வயலில் என்ன வேலையோ, அதே வேலை மலையில் இந்தப் பாட்டுக்கு. இன்றைக்கு அந்த வேலையில் பாதியைச் செல்போன் எடுத்துக்கொண்டது.

1951ஆம் ஆண்டுத் தோட்டத் தொழிலாளர் சட்டம் முதலில் தேயிலை, காப்பி, ரப்பர், சிங்கோனாவுக்கு மட்டும் இருந்தது. 1981 திருத்தத்தில்தான் ஏலக்காய் உள்ளே வந்தது. அதன் 13ஆம் பிரிவு தொழிலாளர்களுக்கும் பிள்ளைகளுக்கும் பொழுதுபோக்கு வசதி செய்துதர முதலாளிக்கு உத்தரவிடும் விதிகளை மாநில அரசு வகுக்கலாம் என்றது. பொழுதுபோக்கு, அதுவும் முதலாளி தருவது. இசை அந்தச் சட்டத்துக்குள் வர இருந்த வாசல் அது ஒன்றுதான். தொழிலாளி தானே பாடுவதைப் பற்றி அதில் ஒரு வார்த்தை இருக்கவில்லை. லயக் குடியிருப்புகள் இருப்பது தோட்டத்து நிலத்தில். அங்கே யார் வந்து யாருக்குப் பாடலாம் என்பது பாவலர் காலத்திலும் கேள்விதான், இன்றும் கேள்விதான்.

2015 செப்டம்பரில் மூணாறு தேயிலைப் பெண்கள் அந்தக் கேள்வியைத் தெருவுக்குக் கொண்டுவந்தார்கள். போனஸை 10 சதவீதமாகக் குறைத்ததை எதிர்த்து, தொழிற்சங்கத் தலைவர்களையும் ஒதுக்கிவைத்துவிட்டு, ஆயிரக்கணக்கான பெண்கள் சாலையில் உட்கார்ந்தார்கள். பெம்பிளை ஒருமை என்ற பெயர் அப்போது வந்ததுதான். கேரளத்தின் நடுரோட்டில் கோஷம் தமிழில் எழுந்தது. எதுகை மோனையோடு, கைதட்டலோடு, ஒருத்தி எடுத்துக்கொடுக்க மற்றவர்கள் வாங்கிப் பாடும் அதே வேலைப்பாட்டு முறையில். ஒன்பதாம் நாள் 20 சதவீதம் கிடைத்தது. எழுதிப் படிக்கிற தலைவர் யாரும் அந்த வரிகளை அவர்களுக்குச் செய்துதரவில்லை.

பாடியதற்குக் கைது

பாட்டைப் பேச்சாகப் பார்க்கிற சட்டம் நம்மிடம் பழையது. முதலில் அது தண்டிக்கத்தான் வந்தது. இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 124ஏ பிரிவு வெள்ளைக்காரன் காலத்து ராஜதுரோகப் பிரிவு. மதுரைப் பக்கத்து நாடக மேடைகளில் எஸ்.எஸ். விஸ்வநாத தாஸ் முருகன் வேடத்தில் வந்து சுதந்திரப் பாட்டைப் பாடுவார். போலீஸ் மேடையோரம் காத்திருக்கும். எத்தனையோ முறை சிறை போய் வந்தார். 1940 டிசம்பர் 31 அன்று சென்னையில், வள்ளி திருமணம் நாடகத்தில் மயில் மேல் அமர்ந்து பாடிக்கொண்டிருக்கும்போதே உயிர் போயிற்று. அவர் முடிதிருத்தும் மருத்துவர் சமூகத்தில் பிறந்தவர் என்பதால் அவரோடு சேர்ந்து நடிக்க மறுத்த நடிகைகள் இருந்தார்கள் என்பதையும் அவர் வரலாற்றில் வாசிக்கிறோம். அரசு ஒரு பக்கம், சாதி ஒரு பக்கம். ஒரே மனிதனின் குரல்மீது இரண்டு தடை.

சுதந்திரம் வந்த பிறகு அரசமைப்புச் சட்டம் 19(1)(ஏ) பேச்சுரிமையைத் தந்தது. ஆனால் 1954இல் சென்னை மாநிலம் புதிதாக ஒரு நாடக நிகழ்ச்சிச் சட்டத்தைப் போட்டது. மேடையேறும் முன் பிரதியைக் காட்டு, அனுமதி வாங்கு என்றது. எம்.ஆர். ராதாவின் நாக்கைக் கட்டுவதற்காகவே வந்த சட்டம் என்பார்கள். எழுத்தாளர் ஞாநி தொடுத்த வழக்கில் 2013இல்தான் சென்னை உயர் நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. ஏறத்தாழ 60 வருஷம், கிராமத்து மேடையில் ஏறிய ஒவ்வொரு கலைஞரும் போலீஸ் ஸ்டேஷன் வாசலைத் தாண்டித்தான் மேடைக்குப் போக முடிந்தது.

அடுத்து 2015. அக்டோபர் 30 விடியும் முன், திருச்சியில் மக்கள் கலை இலக்கியக் கழகத்தின் பாடகர் கோவனை வீடு தேடிப் போய்க் கைதுசெய்தார்கள். டாஸ்மாக் கடைகளை மூடச் சொல்லி, அரசையும் முதலமைச்சரையும் கடுமையாகச் சாடிப் பாடிய பாட்டுகள்தான் குற்றம். பிரிவுகளில் 124ஏவும் ஒன்று. 1962இல் கேதார்நாத் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகவே சொல்லியிருந்தது: அரசைக் கடுமையாக விமர்சிப்பது தேசத்துரோகம் ஆகாது, வன்முறையைத் தூண்டும், பொது அமைதியைக் குலைக்கும் நோக்கமோ போக்கோ இருந்தால்தான் அந்தப் பிரிவு பொருந்தும். சாராயக் கடையை மூடு என்பதில் எந்த வன்முறை? நவம்பரில் அவருக்கு ஜாமீன் கிடைத்தது. போலீஸ் காவலில் எடுக்க அரசு உச்ச நீதிமன்றம் வரை போயும் நடக்கவில்லை. 2018இல் மறுபடியும் கைது. 2022 மே 11 அன்று உச்ச நீதிமன்றம் 124ஏவை நிறுத்திவைத்தது. 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த புதிய நியாய சம்ஹிதாவில் 152ஆம் பிரிவாக அதன் சாயலில் ஒன்று உட்கார்ந்திருக்கிறது.

எந்தப் பாட்டையும் சட்டம் தொடவே கூடாது என்று நான் சொல்லவில்லை. ருவாண்டாவில் சைமன் பிகிண்டி புகழ்பெற்ற பாடகர். அவர் பாட்டுகள் 1994 இனப்படுகொலைக் காலத்தில் வானொலியில் திரும்பத் திரும்ப ஒலித்தன. சர்வதேசத் தீர்ப்பாயம் 2008 டிசம்பரில் அவருக்கு 15 ஆண்டு சிறை கொடுத்தது. ஆனால் எதற்காக என்பதைக் கூர்ந்து பார்க்க வேண்டும். பாட்டுகளில் வெறுப்பு இருந்தது என்று ஏற்றுக்கொண்ட தீர்ப்பாயம், அவற்றை எழுதியதற்காகத் தண்டிக்கவில்லை. சாலையில் வண்டியிலிருந்து ஒலிபெருக்கியில் கொல்லச் சொல்லி நேரடியாகப் பேசியதற்காகத் தண்டித்தது. லட்சக்கணக்கான பிணங்கள் விழுந்த ஒரு வழக்கிலேயே பாட்டுக்கும் தூண்டுதலுக்கும் நடுவே அவ்வளவு கவனமாகக் கோடு கிழித்தார்கள். திருச்சியில் அந்தக் கவனத்தில் பத்தில் ஒரு பங்கு இருந்திருந்தால் போதும்.

பாடாமல் இருக்க, அடிக்காமல் இருக்க

இந்த மலையின் மேற்குச் சரிவில் இறங்கிப்போனால் கோட்டயம் மாவட்டம் கிடங்கூர். அங்கே 1985 ஜூலையில் பிஜோ, பினு மோள், பிந்து என்ற மூன்று பிள்ளைகள் பள்ளியிலிருந்து வெளியேற்றப்பட்டார்கள். யெகோவாவின் சாட்சிகள் என்ற கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்த குடும்பம். தேசிய கீதம் ஒலிக்கும்போது மரியாதையாக எழுந்து நிற்பார்கள்; வாய் திறந்து பாட மாட்டார்கள். சட்டமன்றத்தில் கேள்வி எழுந்தது, விசாரணை நடந்தது. நல்ல பிள்ளைகள், கீதத்தை அவமதிக்கவில்லை என்றுதான் அறிக்கையும் வந்தது. ஆனாலும் வெளியே அனுப்பினார்கள். 1986 ஆகஸ்ட் 11 அன்று உச்ச நீதிமன்ற நீதிபதி சின்னப்ப ரெட்டி எழுதிய தீர்ப்பு, பேசும் உரிமைக்குள் பேசாமலிருக்கும் உரிமையும் உண்டு என்று சொல்லிப் பிள்ளைகளைத் திரும்பச் சேர்க்க உத்தரவிட்டது. பாடச் சொல்லிக் கட்டாயப்படுத்த எந்தச் சட்டத்திலும் இடமில்லை என்பது அதன் அடிப்படை. இசையும் மனித உரிமையும் சந்திக்கும் இடத்தில் இந்தியா உலகத்துக்குக் கொடுத்த மிகச் சிறந்த தீர்ப்பு இது என்று தயங்காமல் சொல்வேன்.

ஆனால் இந்தத் தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு மலையின் கிழக்குப் பக்கத்து ஊர்களைப் பார்த்தால் நெஞ்சு கனக்கிறது. பாடாமலிருக்கும் உரிமை மூன்று பள்ளிப் பிள்ளைகளுக்கு உண்டென்றால், பறையடிக்காமலிருக்கும் உரிமை ஊர்ச் சாவுக்கெல்லாம் கூப்பிடப்படும் மனிதருக்கு இல்லையா? தமிழ்நாட்டுக் கிராமங்களில் தலைமுறை தலைமுறையாகப் பறை ஒரு கலையாக மதிக்கப்படவில்லை, ஊழியமாக வாங்கப்பட்டது. வர மாட்டேன் என்றால் தண்ணீர் நிற்கும், கூலி வேலை நிற்கும், பாதை அடைபடும். தன் வீட்டுக் கல்யாணத்தில் வாசிக்கவோ தடை. 1930, 31 வாக்கில் ராமநாதபுரம் வட்டாரத்தில் ஆதிதிராவிடர்கள்மீது ஆதிக்கச் சாதியினர் விதித்த தடைகளின் பட்டியலைக் குடிமதிப்பு அதிகாரி ஜே.எச். ஹட்டன் பதிந்து வைத்திருக்கிறார். சட்டை போடக் கூடாது, குடை பிடிக்கக் கூடாது, நகை அணியக் கூடாது என்ற அந்தப் பட்டியலில் தங்கள் விசேஷத்துக்கு மேளம் வைக்கக் கூடாது என்பதும் இருக்கிறது. மற்றவன் சாவுக்கு அடித்தே ஆக வேண்டும். தன் மகள் கல்யாணத்துக்கு ஒரு மேளம் வைக்கக் கூடாது. ஒரு மனிதனின் கையையும் காதையும் இதைவிடக் கொடுமையாகப் பறிக்க முடியுமா?

இதற்குச் சட்டம் என்ன செய்தது? நிறையவே செய்தது, ஆனால் பெயர் சொல்லாமல் செய்தது. அரசமைப்புச் சட்டம் 17 தீண்டாமையை ஒழித்தது. 23 கட்டாய உழைப்பைத் தடுத்தது. 1955ஆம் ஆண்டுக் குடியுரிமைப் பாதுகாப்புச் சட்டத்தில் 1976இல் சேர்க்கப்பட்ட 7ஏ பிரிவு, தீண்டாமையின் பேரால் ஒருவரைத் துப்புரவுப் பணிக்கோ செத்த மாடு அகற்றவோ அதையொத்த வேலைக்கோ கட்டாயப்படுத்துவதைக் குற்றமாக்கியது. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 2015 திருத்தம், திருமண ஊர்வலம் போவதைத் தடுப்பதைக் குற்றப் பட்டியலில் சேர்த்தது. சவக்குழி தோண்டச் சொல்வதைப் பெயரிட்டுச் சொல்கிற சட்டம், அந்தக் குழி வரை பறையடித்துக்கொண்டு வா என்பதைப் பெயரிட்டுச் சொல்லவில்லை. ‘அதையொத்த வேலை’ என்ற சொற்களுக்குள் அதை வாதாடித்தான் நுழைக்க வேண்டும். 1982இல் ஆசிய விளையாட்டுக் கட்டுமானத் தொழிலாளர் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு வழி திறந்து வைத்திருக்கிறது: வேறு கதியில்லாமல், குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே ஒருவர் வேலைக்கு வந்தால் அதுவும் கட்டாய உழைப்புதான். சாவுக்கு அடித்ததற்குக் கொடுக்கிற சாராயமும் நெல்லும் எந்தக் கூலிக் கணக்கில் சேரும் என்று அந்த வழியில் போய்க் கேட்கலாம்.

அதே பறை இப்போது கல்லூரி விழாக்களிலும் போராட்ட மேடைகளிலும் தலைநிமிர்ந்து ஒலிக்கிறது. திண்டுக்கல் சக்தி கலைக் குழுவின் பெண்கள் பறையைத் தங்கள் கையில் எடுத்தார்கள். அலங்காநல்லூர் வேலு ஆசானுக்கு 2025இல் பத்மஸ்ரீ. விருப்பப்பட்டு அடிக்கும்போது அது கலை, கட்டாயப்படுத்தி அடிக்கவைக்கும்போது அது கொத்தடிமை. தோல் ஒன்றுதான், அடி ஒன்றுதான். இசையைப் பற்றிய எந்த மனித உரிமைப் பாடமும் இந்த இடத்திலிருந்து தொடங்க வேண்டும் என்பது என் எண்ணம். வழக்கமாக அது தணிக்கையிலிருந்து தொடங்குகிறது.

யாருடைய பாட்டு?

1948இல் வந்த உலக மனித உரிமைப் பிரகடனத்தின் 27ஆம் பிரிவில் இரண்டு பாகம். ஊரின் பண்பாட்டு வாழ்வில் பங்கெடுக்க எல்லோருக்கும் உரிமை உண்டு என்பது முதல் பாகம். தான் படைத்ததில் ஒருவருக்குள்ள பெயரும் பலனும் காக்கப்பட வேண்டும் என்பது இரண்டாம் பாகம். இந்தியா 1979இல் ஏற்றுக்கொண்ட பொருளாதார, சமூக, பண்பாட்டு உரிமைகளுக்கான உடன்படிக்கையின் 15ஆம் பிரிவும் இதையே சொல்கிறது. அதை விளக்க ஐ.நா. குழு 2005இல் வெளியிட்ட கருத்துரையில் ஒரு முக்கியமான வேறுபாடு இருக்கிறது. படைத்தவரின் மனித உரிமை வேறு, பதிப்புரிமை வேறு. பதிப்புரிமையை விற்கலாம், கம்பெனி வாங்கலாம். மனித உரிமை ஆளிடமும் சமூகத்திடமும்தான் இருக்கும், கம்பெனிக்குப் போகாது.

பண்ணைப்புரத்து ராசையா நீதிமன்றம் ஏறியது இந்த வேறுபாட்டின் மேல்தான். தன் பாட்டுகளை ஒலிப்பதிவு நிறுவனங்கள் பயன்படுத்துவதை எதிர்த்து அவர் தொடுத்த வழக்கில் 2019 ஜூனில் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி அனிதா சுமந்த், பதிப்புரிமைச் சட்டம் 57ஆம் பிரிவின்படி இசையமைப்பாளருக்குரிய தார்மீக உரிமையை ஏற்றுக்கொண்டார். மேல்முறையீட்டில் 2024 ஏப்ரலில், பாட்டெழுதியவரின் பங்கு என்ன ஆகும் என்ற கேள்வியும் எழுந்தது. அவரைப் பேராசைக்காரர் என்று ஏசியவர்கள் நிறைய. நான் அப்படி நினைக்கவில்லை. 2012 திருத்தம் வரும்வரை, ஒரு தடவை சம்பளம் வாங்கிவிட்டால் பாட்டெழுதியவருக்கும் மெட்டமைத்தவருக்கும் பிறகு ஒரு பைசா வராது என்பதுதான் சினிமா நடைமுறை. தாழ்த்தப்பட்ட ஒரு சமூகத்திலிருந்து, எழுதிவைக்கப்படாத பாட்டுகளின் நடுவே வளர்ந்த ஒருவர், என் பாட்டு என் பெயரில் இருக்க வேண்டும் என்று கேட்பதில் ஒரு நியாயம் இருக்கிறது.

அவர் அம்மா சின்னத்தாயிடம் கேட்ட தாலாட்டுகளைப் பற்றியும் கிராமத்துப் பாட்டுகளைப் பற்றியும் அவரே மனம் நெகிழப் பேசியிருக்கிறார். அங்கேதான் அடுத்த கேள்வி. அந்தப் பாட்டுகளைப் பாடிய பெண்களுக்கு என்ன?

2021 மார்ச்சில் வெளியான ‘எஞ்சாய் எஞ்சாமி’யை எல்லோரும் கேட்டிருக்கிறோம். இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் வேலைசெய்துவிட்டுத் தமிழகம் திரும்பிய தன் பாட்டி வள்ளியம்மாளின் வாழ்க்கையிலிருந்து வந்த பாட்டு அது என்று அதைப் பாடிய கலைஞர் அறிவு சொன்னார். 1964 சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தத்தில் 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்வதாகத் தலைகளாக எண்ணிக் கையெழுத்திட்டார்கள். அந்த லயங்களின் பாட்டுதான் கோடிக்கணக்கான முறை கேட்கப்பட்டது. பிறகு நடந்ததும் தெரிந்ததுதான். அந்தப் பாட்டைக் கொண்டாடிய இதழின் அட்டைப்படத்தில் அறிவு இல்லை. 2022 செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவில் அந்தப் பாட்டு ஒலித்தபோது மேடையில் அறிவு இல்லை. 2024இல் இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணனே தங்களில் ஒருவருக்கும் காசு வரவில்லை என்று வெளியே சொன்னார். படித்த, பெயர் தெரிந்த, நகரத்துக் கலைஞர்களுக்கே இதுதான் நிலைமை என்றால், தேவாரத்தில் ஒரு பாட்டியம்மாவின் குரலை ஒருவர் போனில் பதிந்து கொண்டுபோனால் அவருக்கு யார் கேட்பது?

நாட்டுப்புறப் பாட்டுக்கு எழுதியவர் பெயர் கிடையாது. ஆகவே பதிப்புரிமை கிடையாது, யாரும் எடுத்துக்கொள்ளலாம் என்று சினிமாக்காரர்கள் சொல்வார்கள். பாதி உண்மை. வரிக்கும் மெட்டுக்கும் உரிமையாளர் இல்லாமலிருக்கலாம், பாடியதற்கு உண்டு. 1994 திருத்தம் பதிப்புரிமைச் சட்டத்தில் நிகழ்த்துநர் உரிமை என்ற ஒன்றைக் கொண்டுவந்தது. யார் நிகழ்த்துநர் என்று 2ஆம் பிரிவு சொல்லும் பட்டியலில் நடிகர், பாடகர், ஆடுபவர் மட்டுமில்லை, கழைக்கூத்தாடி, பாம்பாட்டிகூட உண்டு. சட்டப் புத்தகத்தில் நான் மிகவும் நேசிக்கும் வரிகளில் அது ஒன்று. பாம்பாட்டிக்கு உண்டென்றால் காய் எடுக்கும் பெண்ணுக்கும் உண்டு. அவர் சம்மதமில்லாமல் பதியக் கூடாது. பாடியவர் என்று அவர் பெயரைச் சொல்ல வேண்டும். அவர் குரலைத் திரித்து மானக்கேடு செய்யக் கூடாது. சினிமாவுக்கு எழுதிக் கொடுத்தாலும், வணிகமாகப் பயன்படுத்தினால் ராயல்டி தர வேண்டும்.

அந்த வாசலையும் 2012இல் பாதி சாத்தினார்கள். படத்தில் ஒருவர் தற்செயலாகவோ சிறிதாகவோ தோன்றி, தொழில் வழக்கப்படி டைட்டிலில் அவர் பெயர் போடப்படாவிட்டால், குரலைத் திரிப்பதை எதிர்க்கும் உரிமை ஒன்றைத் தவிர வேறெதற்கும் அவரை நிகழ்த்துநராகக் கருத வேண்டியதில்லை என்று ஒரு நிபந்தனை சேர்த்தார்கள். பெயர் போடாமலிருப்பது தொழில் வழக்கம். பெயர் போடாததால் உரிமை இல்லை. கூட்டமாகக் குலவை இடவும் ஒப்பாரி வைக்கவும் தேனி கிராமங்களில் படப்பிடிப்புக்கு அழைத்துப் போகப்படும் பெண்களை நினைத்துக்கொண்டு அந்த வரிகளைப் படித்துப் பாருங்கள். பாடகர்களின் உரிமைக்காக 2013இல் தொடங்கப்பட்ட அமைப்பு பின்னணிப் பாடகர்களுக்கு நல்லது செய்திருக்கிறது. இந்தப் பெண்களுக்குச் சங்கம் இல்லை.

மலையில் இன்னும் ஒரு வழி இருக்கிறது. யாரும் நடக்காத வழி. குரங்கணிக்கு மேலே முதுவர்களும் சிறைக்காடு பக்கம் பளியர்களும் வாழ்கிறார்கள். 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் என்றால் பட்டா, தேன், மேய்ச்சல் என்றுதான் பேசுகிறோம். அதன் 3(1)(கே) பிரிவு, உயிரின வளத்தோடும் பண்பாட்டு வளத்தோடும் சேர்ந்த மரபு அறிவின்மீது சமூகத்துக்கு அறிவுசார் சொத்துரிமை உண்டு என்கிறது. தேனெடுக்கும்போது பாடும் பாட்டு இதற்குள் வராதா? வரும் என்றே நான் வாசிக்கிறேன். தனி ஆளுக்கு அல்லாமல் ஊருக்கே பாட்டின்மீது உரிமை தரும் சட்டம் நம்மிடம் ஏற்கெனவே இருக்கிறது. கிராம சபை தீர்மானம் போட்டு விண்ணப்பத்தில் அதையும் ஒரு வரியாகச் சேர்க்கலாம்.

தேனியில் அரசு சட்டக் கல்லூரி இருக்கிறது. சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12ஆம் பிரிவுப்படி பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் கிடைக்கும். நிகழ்த்துநர் உரிமை 50 ஆண்டு நிற்கும். 2000இல் போடியிலோ பண்ணைப்புரத்திலோ ஓர் அம்மா பாடிப் பதிவான தாலாட்டுக்கு 2050 டிசம்பர் வரை உரிமை உண்டு. அவர் போய்விட்டிருந்தாலும் பிள்ளைகள் கேட்கலாம். ஊர் ஊராகப் போய், யார் குரலை யார் எப்போது பதிந்தார்கள், எழுதி வாங்கினார்களா, என்ன கொடுத்தார்கள் என்று ஒரு பட்டியல் எடுக்க வேண்டும். இனிமேல் பதிய வருகிறவர்களிடம் நீட்ட, தமிழில் ஒரு பக்க ஒப்பந்தம் வேண்டும்: பாடியவர் பெயர், ஊர், எதற்குப் பயன்படும், எவ்வளவு பணம், விற்றால் எவ்வளவு பங்கு, பிடிக்காவிட்டால் திரும்பப் பெறுவது எப்படி. காய் எடுப்பு இல்லாத பங்குனி, சித்திரையில் பெண்கள் ஊரில் இருப்பார்கள். மாணவர்கள் அப்போதே தொடங்கலாம்.